அம்மாவின் நினைவஞ்சலியில் யார் யார் பெயர்

அன்புள்ள தம்பிக்கு,

அப்பா எழுதுகிறேன். இங்கே எல்லோரும் சுகம். போன ஞாயிற்றுக்கிழமை அக்காவும் மாமாவும் காவேரிப்பட்டணத்திலிருந்து வந்து இருந்துவிட்டுப் போனார்கள். மழை பரவாயில்லை. நீ வேளைக்குச் சாப்பிடுகிறாயா? போனில் உன் குரல் கம்மிப்போய்க் கேட்டது. ராத்திரி பதினொரு மணிக்குச் சாப்பிடாதே என்று அம்மா இருந்தபோதும் சொன்னாள், இப்போது நானும் சொல்கிறேன்.

அம்மாவின் முதலாம் ஆண்டு நினைவஞ்சலியைப் பேப்பரில் போடலாமா என்று கேட்டதற்கு, இப்ப யாருப்பா பேப்பர் படிக்கிறாங்க, வாட்ஸ்அப்பில் ஸ்டேட்டஸ் வெச்சா போதும், வீண் செலவு என்று சொல்லிவிட்டு வைத்துவிட்டாய். அன்றிலிருந்து அதற்குப் பதிலை மனசுக்குள்ளேயே சொல்லிக்கொண்டிருக்கிறேன். பேச ஆரம்பித்தால் உனக்கு மீட்டிங் வந்துவிடுகிறது. அதனால்தான் எழுதுகிறேன், பொறுமையாகப் படி.

அரூரில் நான் பேப்பர் ஏஜென்சி வைத்திருந்த காலம் உனக்கு ஞாபகம் இருக்கும். விடிகாலையில் சேலத்திலிருந்து வரும் கட்டைப் பிரிக்கும்போது தூக்கக் கலக்கத்தோடு வந்து பக்கத்தில் உட்கார்ந்துகொள்வாய். கடைக்கு வரும் பெரியவர்கள் முதல் பக்கத்தைப் பார்த்து நான் கண்டதில்லை. நேராக உள்ளே நம் ஜில்லாச் செய்தி இருக்கும் பக்கம்தான். காலமானார், கண்ணீர் அஞ்சலி, நினைவஞ்சலி. டெல்லியில் ஆட்சியே கவிழ்ந்த அன்றைக்கும் அப்படித்தான். யார் போய்விட்டார்கள், எந்த ஊர், எடுப்பது எத்தனை மணிக்கு, அடுத்த பஸ்ஸைப் பிடித்தால் முகம் பார்க்க முடியுமா, இதுதான் அவர்களுக்கு அன்றைய தலைப்புச் செய்தி. 2004ல் தருமபுரியிலிருந்து கிருஷ்ணகிரி தனி மாவட்டமாகப் பிரிந்தது, கலெக்டர் ஆபீஸ் இரண்டானது, ஆனால் ஊத்தங்கரையில் பெண் எடுத்த அரூர்க்காரரும் பாலக்கோட்டுக்குப் பெண் கொடுத்த காவேரிப்பட்டணத்துக்காரரும் பிரிந்துவிடவில்லையே. சாவுச் செய்தி இரண்டு பக்கமும் போய்ச் சேர்ந்தாக வேண்டும்.

பேப்பருக்கு முன்னால் எப்படி இருந்தது என்று உனக்குத் தெரியாது, உன் தாத்தா சொல்லி நான் கேட்டிருக்கிறேன். ஒரு வீட்டில் சாவு விழுந்தால் சேரிக்கு ஆள் போகும். அங்கிருந்து ஒருவர் வெயிலோ மழையோ கிளம்பி, ஊர் ஊராக நடந்து, ஒவ்வொரு உறவுக்காரர் வீட்டிலும் வாசலுக்கு வெளியிலேயே நின்று இழவு சொல்லிவிட்டு வர வேண்டும். முடியாது என்று சொல்ல வழியில்லை, கொடுத்த தானியத்தை வாங்கிக்கொள்ள வேண்டும். அந்தக் கொடுமையை அவர்கள் தலையிலிருந்து இறக்கியது அவர்களுடைய போராட்டமும் படிப்பும்தான். இருந்தாலும் காசு கொடுத்து நாமே சேலத்துக்குச் சொல்லி, மறுநாள் காலை எல்லா ஊருக்கும் ஒரே நேரத்தில் சேதி போகிறது என்று வந்த பிறகு, இன்னொருவரை அதற்காக ஓட வைக்கும் அவசியமே இல்லாமல் போனது. இதை நான் சின்ன விஷயமாக நினைக்கவில்லை.

வாட்ஸ்அப் வேகம்தான், நான் மறுக்கவில்லை. ஆனால் நம் குடும்ப குரூப்பில் யார் இருக்கிறார்கள்? நமக்குத் தெரிந்தவர்கள் இருக்கிறார்கள். அம்மாவுக்குத் தெரிந்தவர்கள் யார் யார் என்று உனக்கும் எனக்கும் எப்படித் தெரியும்? கிராம சுகாதார செவிலியராகச் சித்தேரி மலையில் ஏறி இறங்கியவள் அவள். நம் ஜில்லாவில் பெண் குழந்தை பிறந்த வீட்டைப் பற்றிப் பயந்துகொண்டிருந்த காலம் அது. பெண் குழந்தையைக் கொன்றுவிடாமல் அரசுத் தொட்டிலில் விட்டுவிடுங்கள் என்று சேலத்தில் 1992ல் ஆரம்பித்த தொட்டில் குழந்தைத் திட்டத்தை 2001ல் தருமபுரிக்கும் கொண்டுவந்தார்கள் என்றால் நிலைமை எப்படி இருந்திருக்கும் என்று பார். இரண்டாவது, மூன்றாவது பெண்ணாகப் பிறந்த வீட்டுக்கு அம்மா காரணமே இல்லாமல் போய் எட்டிப் பார்த்துவிட்டு வருவாள். வீட்டில் வந்து ஒன்றும் சொல்ல மாட்டாள்.

அவள் போன சேதியைப் பேப்பரில் பார்த்துவிட்டு, காரியத்தன்று கம்பைநல்லூரிலிருந்து ஒரு பெண் கைக்குழந்தையோடு வந்தது. நீ அதற்கு முன்பே கிளம்பிவிட்டாய், லீவு இல்லை, அதை நான் குறை சொல்லவில்லை. டீக்கடையில் பேப்பரில் போட்டோவைப் பார்த்தேன், எங்கம்மா அடிக்கடி சொல்கிற நர்சம்மா இவங்கதான் என்று தெரிந்தது என்றது. தான் பிறந்த வீட்டில் என்ன பேச்சு நடந்தது, அம்மா வந்து திண்ணையில் உட்கார்ந்து என்ன சொன்னாள் என்பதெல்லாம் அந்தப் பெண்ணுக்கு அதன் அம்மா சொல்லித்தான் தெரியும். நம் யாருடைய நம்பரும் அதனிடம் கிடையாது. மருமகள்தான் அதை உட்கார வைத்து இலை போட்டு, குழந்தையைத் தான் வாங்கி வைத்துக்கொண்டு சாப்பிட வைத்தாள். இதெல்லாம் அவள் உன்னிடம் சொல்லியிருப்பாள்.

அம்மா படுக்கையில் இருந்தபோதும் அவள்தானே வந்து இருந்தாள். அங்கே வேலையை விட்டுவிட்டு வந்து, மருந்து, பத்தியம், ராத்திரி விழிப்பு எல்லாம் பார்த்தாள். அக்காவே சொன்னாள், நான் மகளாகச் செய்ததைவிட அதிகம் என்று.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். ஸ்டேட்டஸ் 24 மணி நேரத்தில் போய்விடும். சுவரில் ஒட்டும் போஸ்டர் அடுத்த மழையில் கிழிந்துவிடும். இறப்பை 21 நாளுக்குள் பதிவு செய்து சான்றிதழ் வாங்கினோம், அது 1969ஆம் வருடச் சட்டம், பேங்குக்கும் தாசில்தார் ஆபீசுக்கும் அது வேண்டும்தான், ஆனால் அதில் பெயரும் தேதியும் இடமும் இருக்கிறதே தவிர அவள் யாராக இருந்தாள் என்பது இல்லை. பேப்பரில் வந்தது நிற்கும். நாட்டில் அச்சாகும் பத்திரிகைகளைச் சேர்த்து வைக்கும் நூலகங்களில் சென்னை கன்னிமாராவும் ஒன்று. அச்சிடுகிறவர்கள் அங்கே ஒரு பிரதி அனுப்ப வேண்டும் என்று 1954ல் புத்தகத்துக்கு வந்த சட்டம், 1956ல் பத்திரிகையையும் அதில் சேர்த்தார்கள். டீக்கடைக்காரர் கிழித்துப் பஜ்ஜி மடித்தாலும் அங்கே ஒரு பிரதி இருக்கும்.

தருமபுரி அருங்காட்சியகத்தில் நடுகற்களைப் பார்த்துவிட்டு வந்து நீ வீட்டுச் சுவரெல்லாம் வில்லும் வாளும் வரைந்து வைத்தாயே. அந்தக் கல்லில் என்ன எழுதியிருக்கிறது? எந்த ராஜாவுக்கு எத்தனையாவது ஆட்சி வருடம், எந்த ஊர், யாருடைய ஆள், மாடு மீட்கப் போய் எப்படி விழுந்தான். நான் கடையில் உட்கார்ந்து பேப்பருக்கு எழுதி வாங்கியதும் கிட்டத்தட்ட இதே வரிசைதான். செங்கம் பக்கம் எடுத்தனூர்க் கல்லில், மகேந்திரவர்மன் காலத்தில், வீரனோடு சேர்த்து அவன் நாயையும் செதுக்கி, கோவிவன் என்று அதன் பெயரையும் வெட்டியிருக்கிறார்கள். 1300 வருடத்துக்கு மேலாகிறது, திருடனைக் கடித்த ஒரு நாயின் பெயர் நமக்குத் தெரிகிறது. உன் அம்மாவின் பெயருக்கு ஒரு நாள் பேப்பரில் இடம் கேட்டால் அது வீண் செலவா?

நீயே ஒரு தடவை சொன்னாய், அங்கே ஜெர்மனியிலும் உள்ளூர்ப் பேப்பரில் கறுப்புக் கட்டம் கட்டி, குடும்பத்தார் பெயரையெல்லாம் போட்டு இப்படி வருகிறது, உன் வீட்டுக்காரப் பாட்டி காலையில் அதைத்தான் முதலில் படிக்கிறார் என்று. அவ்வளவு பெரிய கம்பெனியில் இருக்கிறாய், உன்னைப் பற்றி நான் பெருமையாகச் சொல்லாத ஆள் இந்தத் தெருவில் இல்லை. அந்தப் பாட்டிக்குப் புரிவது உனக்குப் புரியாமல் போகாது.

2021ல் பார்த்தாயே, இறுதிச் சடங்குக்கு 20 பேருக்கு மேல் கூடாது என்று வைத்திருந்தார்கள். நம் பெரிய மாமாவை அப்போதுதான் அனுப்பினோம். மாமாவின் கையால் சைக்கிள் ரிப்பேர் செய்துகொள்ளாத ஆள் கடத்தூரில் கிடையாது, கூட்டம் கூடியிருந்தால் ரோடு அடைத்திருக்கும். பேப்பரில் போட்டோம். அதைப் பார்த்தவர்கள் வாசலுக்கு வர முடியாமல் அவரவர் இருந்த இடத்திலேயே அழுதார்கள். அத்தை அந்தத் தாளை லேமினேட் செய்து சாமி படத்துக்குப் பக்கத்தில் மாட்டியிருக்கிறாள்.

காசு இருப்பவனுக்குக் கால் பக்கம், இல்லாதவனுக்கு ஒரு வரியும் கிடையாது என்பது எனக்கு எப்போதும் உறுத்தல்தான். உள்ளூர் நிருபரிடம் சொல்லி, செங்கல் சூளையில் வேலை செய்த ஆளுக்கும் சத்துணவு ஆயாவுக்கும் காலமானார் என்று நாலு வரி இலவசமாகப் போட வைப்பேன். எல்லாப் பேப்பரும் இதைச் செய்ய வேண்டும், தந்தியோ தினமலரோ தினகரனோ, எதுவாக இருந்தாலும்.

எழுதுவதும் ஒழுங்காக எழுத வேண்டும். உன் பிரிவால் வாடும் என்று எல்லோருக்கும் ஒரே கவிதையைப் போடுவது எனக்குப் பிடிக்காது. நம் அதியமான் செத்தபோது அவ்வையார் பாடினாரே, அது எப்படி ஆரம்பிக்கிறது? கொஞ்சமாகக் கள் கிடைத்தால் அதை எங்களுக்கே கொடுத்துவிடுவான் என்று. போரும் வெற்றியும் அங்கே முதலில் வரவில்லை. அதைப் படித்தால் ஆள் எதிரில் நிற்கிறான். அம்மாவுக்கும் அப்படி ஒரு வரி வேண்டும். சித்தேரி மலைக் கிராமங்களில் பிரசவம் பார்த்தவர் என்று போடலாம் என்றிருக்கிறேன். நீ இதைவிட நன்றாக எழுதுவாய்.

அப்புறம் பெயர்கள். இந்த வேலையில் கஷ்டமானது அதுதான். விளம்பரம் கொடுக்க வந்தவர்கள் என் கடை பெஞ்சில் உட்கார்ந்து பெயர் வரிசைக்குச் சண்டை போட்டதை நீயே பார்த்திருக்கிறாய். மகன்கள், மருமகள்கள், பேரன் பேத்திகள், பங்காளிகள், மாமன் மச்சான்கள். ஒரு பெயர் விட்டுப்போனால் ஊரே கேட்கும், ஏன் விட்டார்கள், என்ன ஆச்சு என்று. வருஷக்கணக்கில் பேசாத அண்ணன் தம்பி ஒரே வரியில் பெயர் வந்ததைப் பார்த்துவிட்டுப் பேசிக்கொண்டதும் உண்டு. அதனால் நான் ஒவ்வொரு பெயரையும் சம்பந்தப்பட்டவர்களுக்கே போன் போட்டுப் படித்துக் காட்டாமல் அனுப்ப மாட்டேன்.

போன வருடம் உன் பெயரும் மருமகள் பெயரும் பக்கத்தில் பக்கத்தில் வந்தது. இந்தத் தடவையும் அப்படியே போடட்டுமா? பொங்கலுக்குப் பிறகு அவள் போனில் வரவே இல்லை. வேலை என்றாய், சரி என்றேன். வீடியோவில் உன் பின்னால் அந்த அலமாரி காலியாக இருந்தது, வீடு மாற்றுகிறாயோ என்று அக்கா கேட்டாள், எனக்குத் தெரியாது என்றேன். அவள் நம்பருக்கு நானே பேசியிருக்கலாம். உன்னிடம் கேட்காமல் பேசுவது முறையில்லை என்று இருக்கிறேன். பெயர் வரிசை சரியாக இருக்க வேண்டும், அதற்காகத்தான் கேட்கிறேன்.

நீ என்ன சொன்னாலும் அப்படியே செய்கிறேன். உன் பெயர் மட்டும் போதும் என்றால் உன் பெயர் மட்டும், மேற்கொண்டு ஒரு வார்த்தை கேட்க மாட்டேன், ஊரில் யார் கேட்டாலும் நான் பார்த்துக்கொள்கிறேன். ஆனால் என் மனசைச் சொல்லிவிடுகிறேன். உங்களுக்குள் எது எப்படி இருந்தாலும், அம்மாவைக் குளிப்பாட்டித் தலைவாரிவிட்ட பெண்ணின் பெயர் அம்மா படத்துக்குக் கீழே இருப்பதில் தப்பு ஒன்றும் இல்லை. மருமகள் என்ற சொல் வேண்டாம் என்று அவள் நினைத்தால் வெறும் பெயராகப் போடலாம். அவளும் சம்மதிக்க வேண்டும், அதை நீதான் கேட்க வேண்டும். கேட்பதற்காகவாவது ஒரு தடவை பேசு.

சாப்பாட்டை நேரத்துக்குச் சாப்பிடு. தனியாகச் சமைக்கச் சோம்பலாக இருந்தால் கஞ்சியாவது வைத்துக்கொள். போனை எடு.

சித்தேரியில் ஜீப் பக்கத்தில் நிற்கிற போட்டோ உன் கம்ப்யூட்டரில்தான் இருக்கிறது, அதைப் பெரிய சைஸில் அனுப்பு, வாட்ஸ்அப்பில் அனுப்பினால் அச்சில் மங்கலாக விழும், மெயிலில் அனுப்பு. பணம் அனுப்ப வேண்டாம், அம்மாவின் குடும்ப பென்ஷனிலிருந்தே கட்டிவிடுகிறேன். வெள்ளிக்கிழமைக்குள் பெயர்களைச் சொல்லிவிட்டால் சேலத்துக்கு அனுப்பச் சரியாக இருக்கும்.

அன்புடன்,
அப்பா