சிலைக்குள் இருந்தவர்

அன்புள்ள மலர்,

டோக்கியோ செய்ஜோவில், காட்சில்லா படங்களை எடுத்த தோஹோ ஸ்டுடியோ வாசலில், காட்சில்லா சிலையோடு நீ எடுத்த படம் வந்தது. அதற்குக் கீழே நீ எழுதிய வரிதான் இரண்டு நாளாக மனதில் ஓடுகிறது: "வேலை செய்யறது நான், மேடை ஏறிக் கைதட்டு வாங்கறது வேற ஆளு."

சினிமாவில் வந்த அந்த ராட்சத மிருகம் காட்சில்லாவுக்குள்ளும் ஒரு ஆள் இருந்தார்மா. ஹருவோ நகாஜிமா. 1929 ஜனவரி 1-ல் யாமகாட்டா பக்கம் சகாட்டாவில் பிறந்தவர். 1954-ல் 'ஏழு சாமுராய்' படத்தில் கொள்ளைக்காரர்களில் ஒருவராகத் தலைகாட்டினார். அதே வருஷம் காட்சில்லா உடைக்குள் இறக்கிவிட்டார்கள்.

முதலில் செய்த உடை கிட்டத்தட்ட 100 கிலோ. ஆளால் நகரவே முடியவில்லை. புதிதாக இன்னொன்று செய்தார்கள். பழையதை இரண்டாக வெட்டி, கால் மட்டும் தெரியும் காட்சிகளுக்கு வைத்துக்கொண்டார்கள். அதற்கு மேல் படப்பிடிப்பு விளக்குச் சூடு வேறு. பட்டறையில் வெல்டிங் ஷீல்டை அரை மணி நேரம் மாட்டினாலே எனக்குக் கழுத்தெல்லாம் ஊறிவிடும். இவர் பனியனைப் பிழிந்து வியர்வையைக் கொட்டியிருக்கிறார்.

ஆனால் எனக்குப் பிடித்தது அந்தக் கஷ்டம் இல்லை. வேஷம் கட்டுவதற்கு முன்னால் உவேனோ மிருகக்காட்சிசாலைக்குப் போய், யானையும் கரடியும் எப்படி நடக்கின்றன என்று நின்று பார்த்திருக்கிறார். முகம் தெரியாத வேஷம். ஏனோதானோ என்று நடந்திருந்தாலும் யார் கேட்கப் போகிறார்கள்? கேமராவை வேகமாக ஓட்டிப் படம்பிடிப்பார்கள். அதனால்தான் திரையில் அசைவு மெதுவாகி, உருவம் மலை மாதிரி கனக்கிறது. ஆனால் அந்த நடை கேமரா கொடுத்தது இல்லை, அவருடையது.

1972 வரை 12 படம் காட்சில்லாவாகவே நடித்தார். ரோடான் என்ற பறக்கும் ராட்சத மிருகமும் அவர்தான். பிறகு தோஹோ கம்பெனியே அவரைத் தன் பௌலிங் கூடத்தில் வேலைக்குப் போட்டது! படித்தபோது எனக்குக் கோபம்தான் வந்தது. நல்லவேளை, வயதான பிறகு வெளிநாட்டு ரசிகர்கள் தேடிப்பிடித்துக் கூப்பிட்டார்கள். 2017 ஆகஸ்டில், 88 வயதில் காலமானார்.

அவரைப் போல நீயும் வாயை மூடிக்கொண்டு இரு என்று சொல்ல வரவில்லை. அடுத்த தடவை உன் பெயரைப் போடச் சொல்லி நேராகக் கேள். அம்மாவும் அதையேதான் சொல்கிறாள்.

திரும்ப அந்தப் பக்கம் போனால் சிலையின் காலைக் கிட்டத்தில் ஒரு படம் எடுத்து அனுப்பு. பாதத்தை எப்படி ஊன்றி வைத்திருக்கிறார்கள் என்று பார்க்கணும்.

அன்புடன்,
அப்பா