அகில் வேறு, ஆரம் வேறு

ஆசிரியர் அவர்களுக்கு,

சங்ககால வணிகம் பற்றித் தங்கள் இதழில் வந்த கட்டுரை, பட்டினப்பாலையின் ‘குடமலைப் பிறந்த ஆரமும் அகிலும்’ என்ற அடிக்கு ‘சந்தன வகைகள்’ எனப் பொருள் தருகிறது. ஆரம்தான் சந்தனம்; அகில் வேறொரு மணக்கட்டை. இரண்டுக்கும் தனித்தனியே உம்மை கொடுத்துப் புலவரே பிரித்துவிட்டார்.

சந்தன மரம் நோயின்றி வளர்ந்தாலே வைரத்தில், அதாவது நடுக்கட்டையில், மணம் ஏறும். அகில் நேர்மாறு. நோயற்ற அகில் மரம் வெளுத்து, லேசாக, மணமின்றி இருக்கும். கிளை முறிந்தோ புழு துளைத்தோ பூஞ்சை உள்ளே புகுந்தால்தான் மரம் பிசினைச் சுரக்கும். அந்த இடம் மட்டும் கறுத்து இறுகும். நெடுநல்வாடை சொல்லும் ‘இருங்காழ் அகில்’ இப்படிக் கறுத்த கட்டைதான். தகரம் என்ற மணமரத்தின் விறகில் நெருப்பு மூட்டி, அகிலோடு வெள்ளயிரையும், அதாவது கண்டசருக்கரையையும், சேர்த்துப் புகைத்தார்கள் என்கிறது அந்தப் பாட்டு. சந்தனத்தை நீர்விட்டு உரைத்தால் போதும்; அகிலுக்குச் சூடு வேண்டும். அதிலும் நீறு பூத்த தணலே நல்லது. சுடர்விடும் நெருப்பில் போட்டால் பிசின் கருகி, விறகு நாற்றம்தான் மிஞ்சும்.

அடுத்து, சொல்லின் வரலாறு. வடமொழி ‘அகுரு’வை ‘அ+குரு’ எனப் பிரித்து ‘கனமற்றது’ என்பார்கள். உயர்ந்த அகில் நீரில் அமிழும் என்பதால் இது ஒட்டவைத்த விளக்கமாகவே படுகிறது. மலையாளத்திலும் கன்னடத்திலும் அகில், துளுவில் அகிலு. மலையாளக் கரைக்கு வந்த போர்த்துகீசியர் இதை ‘ஆகிலா’ என்றனர். லத்தீனில் ‘அக்விலா’ என்றால் கழுகு. ஒலி ஒத்துப்போனதால் ஐரோப்பாவில் இது கழுகுக் கட்டையாகிவிட்டது. பறவைக்கும் மரத்துக்கும் ஒரு தொடர்பும் இல்லை! அகில் மரத்தின் ‘அக்விலேரியா அகலோச்சா’ என்ற தாவரப் பெயரில் அகில் என்ற சொல் ஒருமுறை லத்தீன் வழியாகவும், ஒருமுறை கிரேக்க ‘அகல்லோகான்’ வழியாகவும் ஒளிந்திருக்கிறது. அலையாத்திக் காட்டில் வளரும் தில்லை மரத்தின் தாவரப் பெயரிலும் ‘அகலோச்சா’ உண்டு. அதை நம்பித் தில்லையை அகில் என்று எழுதிவிடக் கூடாது. அதன் பால் கண்ணில் பட்டால் பார்வைக்கே ஆபத்து.

ஒரு சிக்கல் மட்டும் உண்டு. அக்விலேரியா வடகிழக்கு இந்தியாவிலும் தென்கிழக்காசியாவிலும் வளர்வது. குடமலைக்கு, அதாவது மேற்குத் தொடர்ச்சி மலைக்கு, உரியதன்று. அந்த மலையில் வெள்ளகில் என்றொரு மரம் இருக்கிறது. தாவரவியலில் அது டைசாக்சிலம், வேப்பங் குடும்பம். பட்டினப்பாலையின் குடமலை அகில் இதுவாக இருக்கவே வாய்ப்பு அதிகம் என்பது என் கருத்து. சிலப்பதிகாரத்தில் தொண்டியோர் கப்பலில் அனுப்பிய அகில் வேறு சரக்கு. அதற்கு உரையாசிரியர் அடியார்க்குநல்லார் தரும் வகைகள்: அருமணவன், தக்கோலி, கிடாரவன், காரகில். இவற்றில் கிடாரவன் என்பது கடாரத்திலிருந்து, அதாவது இன்றைய மலேசியாவின் கெடாவிலிருந்து, வந்தது.

ஆகவே பட்டினப்பாலை அடிக்குத் தரும் விளக்கத்தில் அகிலை அகில் என்றே அச்சிட்டுத் திருத்தம் வெளியிட வேண்டுகிறேன்.

வாசகர் ஒருவர்