முற்றத்துக்கு எத்தனை யூனிட் ஜல்லி?

பாளையங்கோட்டை,
ஞாயிறு காலை

அன்புள்ள மாப்ளே,

உன் கடிதமும் கடலைமிட்டாயும் ஒரே நாளில் வந்து சேர்ந்தன. மிட்டாயில் பாதி பேத்தி கையிலேயே தீர்ந்துவிட்டது. தங்கச்சிக்கு முழங்கால் வலி குறைந்து, இப்போது மாடி ஏறுகிறாள் என்று படித்த பிறகுதான் நிம்மதி. இங்கே வீட்டிலும் தினம் அவளைப் பற்றித்தான் பேச்சு.

சரி, முற்றத்து விஷயத்துக்கு வருகிறேன். சிமெண்ட் போடாமல் பிளாஸ்டிக் கட்டம் பதித்து ஜல்லி நிரப்பலாம் என்று நீ முடிவு செய்தது எனக்கு ரொம்ப சந்தோஷம். என் வீட்டு முன்னால் 300 சதுர அடி. ஒரு சென்டிமீட்டர் மழை பெய்தாலே அதில் ஏறக்குறைய 280 லிட்டர் தண்ணீர் விழும். முன்பு அத்தனையும் தெருவுக்கு ஓடியது. இந்த ஐப்பசியில் அங்கேயே மண்ணுக்குள் இறங்கிவிட்டது.

"கட்டம் இரண்டு இஞ்ச் உயரம்தானே, அரை யூனிட் போதாதா?" என்று கேட்டிருக்கிறாய். போதாது. கண்ணுக்குத் தெரிகிற ஜல்லி கொஞ்சம்தான். கட்டத்துக்கு அடியில் போகிற ஜல்லிதான் காரைத் தாங்குகிறது, காசையும் அதுதான் கேட்கிறது.

என் வீட்டில் நடந்ததைச் சொல்கிறேன். அடித்தளம் நாலு இஞ்ச், 300 சதுர அடி, கணக்குப் போட்டால் 100 கன அடி, அதாவது ஒரு யூனிட். அப்படியே சொல்லி இறக்கினேன். வைப்ரேட்டர் ஓட்டி அமுக்கியதும் டேப் வைத்துப் பார்த்தால் இரண்டேமுக்கால் இஞ்ச்தான் நிற்கிறது. உதிரியாக வருகிற ஜல்லி அமுங்கும்போது ஐந்தில் ஒரு பங்கு வரை இறங்கும் என்பதை நான் சேர்க்கவில்லை. ஆனால் அது மட்டும் இவ்வளவு குறைக்காதே என்று சந்தேகம். அடுத்த லோடு வந்ததும் இறக்க விடாமல் வண்டி மேல் ஏறினேன். பாடி நீளம் 9 அடி, அகலம் ஐந்தரை அடி. ஒரு கம்பியை நாலு மூலையிலும் நடுவிலும் குத்திப் பார்த்ததில் சராசரி உயரம் 1 அடி 8 இஞ்ச். பெருக்கினால் 82½ கன அடி. யூனிட் என்றால் 100 கன அடி இருக்க வேண்டும். முதல் லோடும் இப்படித்தான் வந்திருக்கும். அன்றைக்கு வந்த கோபம் இன்னும் அடங்கவில்லை. நீயும் வண்டியில் இருக்கும்போதே அளந்துவிடு. கொட்டிய பிறகு குவியலை அளக்கவே முடியாது.

இப்போது உன் கணக்கு. 24க்கு 12 என்றால் 288 சதுர அடி. பக்கத்துச் சந்து 10க்கு 6, அது 60. வேப்பமரத்தைச் சுற்றி இரண்டரை அடிக்கு வட்டம் விட்டால் 20 கழியும். மிச்சம் 328. (மரத்துக்கு இன்னும் தாராளமாக விட்டாலும் நல்லதுதான், வேரில் கடப்பாரை படக்கூடாது.)

என் வீடு செம்மண். உன்னுடையது கரிசல். மழையில் உப்பும், கோடையில் கை நுழைகிற அளவுக்கு வெடிக்கும். அங்கே நாலு இஞ்ச் அடித்தளம் நிற்காது, எட்டு இஞ்ச் போடு. 328ஐ எட்டால் பெருக்கி 12ஆல் வகுத்தால் 219 கன அடி. அமுங்கி ஐந்தில் ஒரு பங்கு இறங்குவதை ஈடுகட்டக் கால் பங்கு கூட்டினால் 273. இரண்டேமுக்கால் யூனிட் சொல்லிவிடு. ஜல்லிக்கு முன்னால் வெட்டிய தரையில் ஜியோ துணி (தண்ணீரை விட்டு மண்ணைத் தடுக்கிற துணி) விரிக்க வேண்டும், இல்லையென்றால் கரிசல் சேறு மேலே ஏறி ஜல்லியை விழுங்கிவிடும். ஓரம் மடிக்க, ஒன்றின் மேல் ஒன்று ஒரு அடி ஏற்றிப் போட என்று 400 சதுர அடி வாங்கு.

அதன் மேல் ஒரு இஞ்ச் கனத்துக்கு சிப்ஸ் என்கிற பொடி ஜல்லி, 30 கன அடி. கிரஷர் தூசி மலிவு என்று சொல்வார்கள், வாங்காதே. அது அடைத்துக்கொண்டால் தண்ணீர் இறங்காது. கட்டத்துக்குள் அரை இஞ்ச் ஜல்லி, மேலே கொஞ்சம் நிற்கிற மாதிரி இரண்டரை இஞ்சுக்குக் கணக்கிட்டால் 68 கன அடி வரும், முக்கால் யூனிட் வாங்கு. தங்கச்சி ஆசைப்படுகிற கூழாங்கல்லை மரத்தடியில் போட்டுக்கொள்ளலாம். கார் ஏறுகிற இடத்தில் அது உருளும். முனை உள்ள ஜல்லிதான் ஒன்றையொன்று பிடித்துக்கொள்ளும்.

கடையில் கிராவல் என்று மட்டும் கேட்காதே, செம்மண் கிராவலைக் கொண்டுவந்து கொட்டிவிடுவார்கள். ஜல்லி என்று அளவோடு சொல்.

அப்புறம், வெட்டுகிற மண். அடித்தளம் எட்டு, சிப்ஸ் ஒன்று, கட்டம் இரண்டு, ஆகப் பதினோரு இஞ்ச் ஆழம் என்றால் 300 கன அடி, உதிர்ந்ததும் நாலு யூனிட் அளவுக்குப் பெருகும். அதைக் கொட்ட இடம் பார்த்துவிட்டாயா? பக்கத்துக் காட்டுக்காரர் வேண்டும் என்று சொன்னதாக ஒருமுறை எழுதியிருந்தாய், அவரிடம் முதலில் பேசு.

லோடு வருகிற நாளைச் சொல். முதல் பஸ்ஸில் ஏறி வந்துவிடுகிறேன். டேப் என்னிடம் இருக்கிறது, நீ ஒரு நீளக் கம்பி மட்டும் எடுத்து வை.

அன்புடன்,
உன் மாப்ளே