வழக்குப் போட்ட ஆசிரியர்கள் மீது பழி போடாதீர்கள்

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

ஆசிரியர் நியமனம் இழுத்துக்கொண்டே போவதற்கு கோர்ட்டுக்குப் போகிறவர்கள்தான் காரணம் என்று திரும்பத் திரும்பச் சொல்கிறார்கள். 2013 ஆகஸ்டில் நடந்த டெட் என்கிற ஆசிரியர் தகுதித் தேர்வில் தேறியவன் நான், இதைக் கேட்டுவிட்டு சும்மா இருக்க முடியவில்லை.

டெட் மார்க்கையும் படிப்பில் எடுத்த மார்க்குகளையும் சேர்த்து 100க்குக் கணக்குப் போட்டு ஆள் எடுப்பதுதான் வெயிட்டேஜ். அன்றைய முறைப்படி டெட்டில் 150க்கு 90 எடுத்தவருக்கும் 60க்கு 42, 104 எடுத்தவருக்கும் அதே 42. பதினான்கு மார்க் கூடுதலாக எடுத்தும் ஒரு பலனும் இல்லை. சென்னை உயர் நீதிமன்றம் 2014 ஏப்ரலில் அதை ரத்து செய்த பிறகுதான், மே 30 தேதியிட்ட அரசாணை 71 வந்து, எடுத்த மார்க்குக்கு ஏற்றபடி கணக்குப் போடும் முறைக்கு மாறினார்கள். சில பேர் கைக்காசைச் செலவழித்து நடத்திய வழக்கின் பலன், கோர்ட் வாசலையே மிதிக்காத ஆயிரக்கணக்கான பேருக்கும் சேர்த்துத்தான் கிடைத்தது.

புது முறையிலும் பிளஸ் டூவுக்கு 10, பட்டப்படிப்புக்கு 15, பி.எட்.டுக்கு 15, டெட்டுக்கு 60 என்பது அப்படியே இருந்தது. பிளஸ் டூவில் 1200க்கு 720 எடுத்தவருக்கு 6, 1100 எடுத்தவருக்கு 9.17. இந்த வித்தியாசத்தை ஈடுகட்ட 720 எடுத்தவர் டெட்டில் 8 மார்க் கூடுதலாக எடுத்தாக வேண்டும். தொண்ணூறுகளில் கிராமத்துப் பள்ளியில் படித்தவர்களுக்கு ஆயிரத்தைத் தொடுவதே பெரிய விஷயம், அந்தப் பழைய மார்க்கை இனி யாரால் திருத்த முடியும்? இதையும் எதிர்த்து உச்ச நீதிமன்றம் வரை போனார்கள். 2016 நவம்பர் 9 அன்று வெயிட்டேஜ் செல்லும் என்று தீர்ப்பு வந்தது. சரி, தீர்ப்பை ஏற்கிறோம். ஆனால் 2018இல் அரசாணை 149 போட்டு அந்த வெயிட்டேஜையே எடுத்துவிட்டு, டெட் தேறியவர்கள் இன்னொரு போட்டித் தேர்வும் எழுத வேண்டும் என்று ஆக்கியது அரசுதானே! பட்டதாரி ஆசிரியர்களுக்கு அந்தத் தேர்வு நடந்தது 2024 பிப்ரவரியில். நடுவில் போன வருஷங்களுக்கு எந்த வழக்கைக் காரணம் சொல்வார்கள்?

இடஒதுக்கீட்டுப் பிரிவினருக்கு டெட் தேர்ச்சி மதிப்பெண்ணில் தந்த 5 சதவீத சலுகையும் இதே கதைதான். சலுகை நியாயமானது, அதில் எனக்கு மறுபேச்சே இல்லை. ஆனால் 2013 ஆகஸ்டில் எழுதிய தேர்வுக்கு 2014 பிப்ரவரியில் ஆணை போட்டால் பிரச்சினை வராமல் என்ன செய்யும்? அறிவிப்பிலேயே அதைச் சொல்லியிருந்தால், பாதிக்கப்பட்டோம் என்று ஒரு தரப்பும், எங்கே கைவிட்டுப் போய்விடுமோ என்று இன்னொரு தரப்பும் வருஷக்கணக்கில் தவித்திருக்க வேண்டியதில்லை.

அரசிடம் கேட்பது இதுதான். அடுத்த நியமன அறிவிப்பு வரும் நாளிலேயே தேர்வு முறை, மதிப்பெண் கணக்கு, சலுகை எல்லாவற்றையும் அதிலேயே போடுங்கள். பட்டியல் வெளியாகிற வரை ஒரு வரியைக்கூட மாற்றாதீர்கள்.

இப்படிக்கு,
ஒரு பட்டதாரி ஆசிரியர்,
திருவண்ணாமலை மாவட்டம்