தெப்பக்காட்டுக்குக் கேமராவோடு போகும் தம்பிக்கு

அன்புள்ள தம்பி,

முதுமலை தெப்பக்காடு யானை முகாமில் ஒரு மாவுத்தரையும் (யானைப் பாகன்) அவர் யானையையும் வைத்து ஆவணப்படம் எடுக்கப் போகிறீர்கள் என்றதும் மனசு நிறைந்தது. தும்பிக்கையால் கழுத்தைக் கட்டிக்கொள்ளும் காட்சியைப் பலரும் எடுத்தாகிவிட்டது. அந்த இருவருக்கும் நடுவே இருக்கிற உறவு அன்றாட வேலையில்தான் தெரியும். அதைப் பிடிக்கிற வழியைத்தான் எழுதுகிறேன்.

தலைமை வன உயிரினக் காப்பாளரின் எழுத்துபூர்வ அனுமதி இல்லாமல் கிளம்பாதீர்கள். ட்ரோனை வீட்டிலேயே வைத்துவிடுங்கள். அது தேனீக் கூட்டம் மாதிரி இரையும். யானைக்குத் தேனீ என்றாலே ஆகாது.

முதல் மூன்று நாள் படம் பிடிக்க வேண்டாம். ஸ்டாண்டை மட்டும் ஒரே இடத்தில் நட்டு வையுங்கள், யானை முகர்ந்து பார்த்துப் பழகட்டும். பக்கத்தில் வரவைக்க வாழைப்பழம் நீட்டவே நீட்டாதீர்கள். நாலு தடவை கொடுத்தால் உங்கள் கேமரா பையைத் தேடி வரும். அதைத் திருத்த மாவுத்தர் அங்குசம் எடுக்க வேண்டிவரும்; அடி யானைக்கு, கெட்ட பெயர் அவருக்கு.

அவர் மேலே ஏறி உட்கார்ந்ததும் லென்ஸ் தானாக முகத்துக்குப் போகும். காலைப் பாருங்கள். இரண்டு காதுக்கும் பின்னால் கட்டைவிரல் அழுத்துகிற இடத்தில்தான் பேச்சு நடக்கிறது: திரும்பு, நில், நட. 100-400 லென்ஸ் இருந்தால் தள்ளி நின்றே அந்த விரலைப் பிடிக்கலாம். 24 எம்எம் அகல லென்ஸ் போட்டால் கிட்டே போகத் தோன்றும், போனால் யானையின் கவனம் உங்கள் மேல் திரும்பிவிடும். தீனி நேரத்திலும் இதே கதைதான். ராகியும் சோறும் கொள்ளும் வெல்லமும் உப்பும் பிசைந்த கவளத்தைத் தரையில் வைப்பதில்லை, வாய்க்குள்ளேயே கொடுப்பார். முழங்கை வரை ஒரு கை கடைவாய்ப் பல்லுக்குப் பக்கத்தில் போய் வருகிறது. அந்தக் கையை அவசரப்படாமல், வெட்டாமல் காட்டுங்கள்.

ஒலியில்தான் பலர் கோட்டை விடுகிறார்கள். யானையின் அடிவயிற்று உறுமலின் அடிப்படை ஒலி 14 முதல் 24 ஹெர்ட்ஸ், பெரும்பகுதி நம் காதுக்கே எட்டாது. நமக்குக் கேட்பது அதன் மேல்சுரங்கள். காற்று இரைச்சலுக்குப் பயந்து மைக்கில் 80 ஹெர்ட்ஸுக்குக் கீழான ஒலியை வெட்டும் 'லோ கட்' ஸ்விட்சைப் போட்டால் அவற்றின் அடிப்பகுதியும் போய்விடும். ஸ்விட்சை அணைத்துவிட்டு மைக்குக்கு ரோம உறை மாட்டுங்கள், தரையோடு தாழ்த்தி வையுங்கள். எடிட்டிங்கில் அந்த உறுமல்மேல் வயலினைப் போட்டு மூடாதீர்கள், தம்பி.

மதம் பிடித்த ஆண் யானை என்றால் கேமராவை மூடிவிடுங்கள். கண்ணுக்கும் காதுக்கும் நடுவே கருப்பாக வழிந்து, சிறுநீர் சொட்டிக்கொண்டே இருந்தால் அதுதான் அறிகுறி. அந்த நாட்களில் சொந்த மாவுத்தரே தள்ளித்தான் நிற்பார்.

கன்னத்தில் ஈரம் வழிவதைக் காட்டி, 'தாயை நினைத்து அழுகிறது' என்று பின்னணிக் குரல் வைக்காதீர்கள். கண்ணீரை மூக்குக்கு வடிக்கிற குழாய் யானைக்குக் கிடையாது. அதனால் எந்நேரமும் கன்னத்தில்தான் வழியும். அன்பு அங்கே நிறைய இருக்கிறது, பொய்ச் சாட்சி எதற்கு?

சங்கிலியை ஃபிரேமுக்கு வெளியே தள்ளாதீர்கள். இரவில் யானையைக் காட்டில் மேயவிடும்போது காலில் நீளச் சங்கிலி இழுபடும். விடிந்ததும் மாவுத்தரும் அவருடைய உதவியாளரான காவடியும் பனிப்புல்லில் அது கிழித்த கோட்டைப் பார்த்துக்கொண்டே தேடிப் போவார்கள். பிடித்து வைத்ததும் அந்தச் சங்கிலிதான், தேடிக் கண்டுபிடிக்க வைப்பதும் அந்தச் சங்கிலிதான். அதை விட்டுவிட்டால் உறவில் பாதி போய்விடும். அது உரசிப் புண்ணான இடத்தில் அவரே வேப்பெண்ணெய் தடவுவார், அதையும் எடுங்கள்.

பணப் பேச்சை முதல் நாளே முடித்துவிடுங்கள். மாவுத்தர்களில் பலர் குறும்பர், இருளர், காட்டுநாயக்கர் பழங்குடியினர். எத்தனை நாள், நாளுக்கு எவ்வளவு, வீட்டம்மாவின் கூலி போனால் என்ன, படம் விற்றால் பங்கு உண்டா என்று தமிழில் எழுதி, வீட்டார் எல்லோரும் இருக்கும்போது வாய்விட்டு வாசியுங்கள். ஒரு பிரதி அவர்களிடம் இருக்கட்டும். 'இன்னொரு தடவை' என்று கேட்டு ஒரே வேலையைத் திரும்பச் செய்யச் சொல்லாதீர்கள். அவர் சொல்லுக்கு யானை கட்டுப்படுவது பல வருஷத்துச் சேமிப்பு. உங்கள் ஷாட்டுக்காக அதைச் செலவழிக்கக் கூடாது.

படம் முடிந்ததும் திரைப்பட விழாக்களுக்கு அனுப்பும் முன்னால் ஒரு புரொஜெக்டரும் வெள்ளை வேட்டியும் எடுத்துக்கொண்டு மாவுத்தர் குடியிருப்புக்குப் போங்கள். அவர் 'இதை எடுத்துவிடு' என்று சொல்லும் காட்சியை எடுத்துவிடுங்கள்.

அன்புடன்,
அண்ணன்