தாத்தா படுத்திருந்த கால்வாய்

அன்புத் தம்பிக்கு,

இன்று ஜனவரி 7; ஜப்பானிய டாங்கிகள் 1942இல் நம் சாலையில் வந்த அதே நாள். தாத்தா இருந்தவரை இந்த ஒரு நாளில் மட்டும் விடியற்காலை மூன்றரை மணிக்கே எழுந்து, விளக்கைப் போடாமல், துரோலாக் ஊர்ப் பக்கம் பார்த்தபடி அஞ்சடித் திண்ணையில் உட்கார்ந்திருப்பார். நீயும் நானும் ஒரே போர்வைக்குள் இருந்து அவருடைய முதுகைப் பார்த்துக்கொண்டிருப்போம். இன்று அதே நேரத்தில் நான் எழுந்து உட்கார்ந்தேன். சாலையில் எண்ணெய் எடுக்கும் செம்பனைக் குலை ஏற்றிய லோரி ஒன்று போனது. அதன் அதிர்வு சிமெண்டுத் தரை வழியாகக் காலுக்கு ஏறியபோது, பல ஆண்டுகளாகத் தள்ளிப் போட்டுவந்த இந்தக் கடிதத்தை இன்றே எழுதிவிட வேண்டும் என்று தீர்மானித்தேன்.

தொலைபேசியில் சொல்லியிருக்கலாம். ஆனால் டாங்கிப் பீரங்கிக்குப் பக்கத்தில் இருபத்தொரு ஆண்டுகள் உட்கார்ந்திருந்த உன் இடது காதுக்கு என் குரல் சரியாகப் போய்ச் சேருவதில்லை என்பதும், நீ "சரி அண்ணே, சரி அண்ணே" என்று சொல்வதெல்லாம் கேட்டதனால் அல்ல என்பதும் எனக்குத் தெரியும். எல்லோரும் படிக்கும் இடத்தில் இதை எழுதுவதற்கு வேறொரு காரணமும் உண்டு. உன்னை நான் புண்படுத்தியது பதினைந்து உறவினர்களுக்கு முன்னால். மன்னிப்பை மட்டும் தனியறையில் கேட்பது முறையாகாது.

இதை உன் பழைய நண்பர்களும் படிக்கக்கூடும் என்பதால் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். படைப்பிரிவுக்குள் நீ கண்டது எதுவும் இங்கே வராது. நீ என்னிடம் அவற்றைச் சொன்னதும் இல்லை. கீழே உள்ள எண்கள் யாரும் எடுத்துப் படிக்கக்கூடிய நூல்களில் இருப்பவை.

2009 தீபாவளி இரவு. 90 மில்லிமீட்டர் பீரங்கி பொருத்திய ஸ்கார்ப்பியன் இலகு டாங்கியிலிருந்து 125 மில்லிமீட்டர் பெண்டெக்கார் டாங்கிக்கு நீ மாறியிருந்த புதிது. மலேசியப் படை போலந்திலிருந்து வாங்கிய 48 டாங்கிகளில் ஒன்றில் நம் தோட்ட லயத்துப் பிள்ளை உட்கார்ந்திருக்கிறான் என்று அப்பா கடைத்தெரு முழுவதும் சொல்லி வைத்திருந்தார். அன்று அவர் உன்னைப் பார்த்த பார்வையை, தோட்ட அலுவலகத்தில் கிராணியாக (எழுத்தராக) இருந்து அவருடைய மருந்துச் சீட்டுகளைக் கையில் வைத்துக்கொண்டிருந்த நான் பார்த்துக்கொண்டிருந்தேன். பிறகு நடந்ததற்கு இது காரணம் என்று சொல்லவில்லை. ஆனால் இது இல்லாமல் அது நடந்திருக்காது.

மாமா கேட்டார்: "எவ்வளவு தூரம் சுடும்?" கவசத்தைத் துளைக்க வேண்டுமானால் ஏறத்தாழ இரண்டாயிரம் மீட்டர் என்று நீ சொன்னாய். நான் குறுக்கிட்டேன். இணையத்தில் ஒன்பது, பத்து கிலோமீட்டர் என்று போட்டிருக்கிறதே என்றேன். 1991 வளைகுடாப் போரில் பிரிட்டனின் சேலஞ்சர் டாங்கி ஒன்று நான்கு கிலோமீட்டருக்கும் அப்பால் நின்ற ஈராக்கிய டாங்கியை அடித்ததே, உன்னுடையது மட்டும் ஏன் பாதி வழியில் நின்றுவிடுகிறது என்றும் கேட்டேன். தெரிந்துகொள்வதற்காகக் கேட்கவில்லை, தம்பி. உன்னை ஓர் அங்குலமாவது குறைத்துக் காட்ட வேண்டும் என்றுதான் கேட்டேன்.

நீ கோபப்படவில்லை. குண்டு போய் விழும் தூரம் வேறு, முதல் குண்டிலேயே குறியை அடிக்கும் தூரம் வேறு என்று தொடங்கினாய். குழலை உயர்த்தி வெடிகுண்டைச் சுட்டால் ஒன்பது கிலோமீட்டருக்கு மேல் போகும். ஆனால் அங்கே என்ன இருக்கிறது என்று டாங்கிக்குள் இருப்பவனுக்குத் தெரியாது, வேறொருவர் பார்த்துச் சொல்ல வேண்டும். கவசத்தைத் துளைப்பது வெடிமருந்து அல்ல, வேகம். வாலில் இறகு வைத்த நீண்ட உலோக அம்பு ஒன்று, குழலை விட்டதும் தன்னைத் தாங்கியிருந்த உறையை உதறிவிட்டு, வினாடிக்கு ஏறத்தாழ 1,700 மீட்டர் வேகத்தில் போகிறது. பழைய பீரங்கிகளின் குழலுக்குள் புரி வெட்டிக் குண்டைச் சுழல வைத்தார்கள். மெலிந்து நீண்ட அம்பைச் சுழற்சியால் நிலைநிறுத்த முடியாது என்பதால்தான் இந்தக் குழலின் உட்புறம் வழவழப்பாக இருக்கிறது. வெடிக்கும்போது உலோகத்தைக் குவிந்த தாரையாகப் பீய்ச்சித் துளைக்கும் இன்னொரு வகைக் குண்டும் உண்டு. அதன் வலிமை வேகத்தை நம்பியதல்ல என்பதால் அருகிலும் தொலைவிலும் ஒரே அளவு துளைக்கும். ஆனால் அது மெதுவாகப் போவதால், குறியின் தூரத்தைச் சற்றுத் தவறாகக் கணித்தாலும் குண்டு குறியைத் தவறவிடும்.

பிறகு நீ சொன்ன ஒன்றை நான் இன்றுவரை மறக்கவில்லை. "அண்ணே, ஏழு மீட்டர் தென்னையிலிருந்து ஒரு தேங்காய் தரைக்கு வந்து சேர்வதற்குள் அந்த அம்பு இரண்டாயிரம் மீட்டர் போய்விடும். ஆனால் அந்தத் தேங்காய் விழுந்த அளவுக்கு அம்பும் விழுந்திருக்கும்." அதனால்தான் லேசர் தூரத்தை அளந்து சொன்ன பிறகு, கணினி குழலை அந்த அளவுக்கு உயர்த்துகிறது என்றாய். காற்றின் போக்கு, வெடிமருந்தின் சூடு, குழலின் தேய்மானம் எல்லாவற்றையும் அது கணக்கில் எடுக்கிறது. பிற்பகல் மழை குழலின் மேற்புறத்தைக் குளிர வைத்து, அடிப்புறம் சூடாகவே இருந்தால் இரும்பே மயிரிழை வளைந்துவிடும் என்பதால் குழலுக்குச் சட்டை போடுகிறார்கள். குறி ஆயிரத்தில் ஒரு பங்கு விலகினால் இரண்டாயிரம் மீட்டரில் இரண்டு மீட்டர் தள்ளிப் போய்விடும். பள்ளியில் கணக்குப் பாடத்தில் அழுத பிள்ளை இதையெல்லாம் நிதானமாகச் சொல்லிக்கொண்டிருந்தாய். நான் பெருமைப்பட்டேன். அதை முகத்தில் காட்டவில்லை.

அதற்குப் பிறகு நான் வைத்த வாதத்தை இன்றும் தவறு என்று ஒப்புக்கொள்ள மாட்டேன். அந்தக் கணக்கெல்லாம் பாலைவனத்துக்குரியது. நம் தோட்டத்தில் ஒன்பது மீட்டருக்கு ஒன்றாக முக்கோணத்தில் நட்ட செம்பனைக்குள் நூறு மீட்டருக்கு அப்பால் ஆள் இருந்தாலும் தெரியாது. இரண்டாயிரம் மீட்டரை எங்கே போய்த் தேடுவாய் என்று கேட்டேன். 1942இல் இந்தச் சாலையில் வந்த ஜப்பானிய டாங்கிகளில் இருந்தது 57 மில்லிமீட்டர் குட்டைக் குழல் பீரங்கி. உன்னுடையதற்கு முன்னால் அது பொம்மை. ஆனாலும் சுமார் இருபது டாங்கிகள் நிலவு வெளிச்சத்தில் துரோலாக்கில் புகுந்து, சில மணி நேரத்தில் ஏறத்தாழ 30 கிலோமீட்டர் போய், சிலிம் ஆற்றுப் பாலத்தைப் பிடித்து, பதினோராம் இந்தியப் படைப்பிரிவைச் சிதறடித்தன. பிரிட்டிஷார் மலாயாவில் ஒரு டாங்கிகூட வைத்திருக்கவில்லை. நேராக்கப்பட்ட சாலையில் தடைகளை வைத்தவர்கள், கித்தா (ரப்பர்) மரங்களுக்குள் கைவிடப்பட்டுக் கிடந்த பழைய வளைவுச் சாலைகளை மறந்துவிட்டார்கள். டாங்கிகள் அந்த வளைவுகள் வழியாகவே பக்கவாட்டில் வந்தன. கடைசியில் பாலத்துக்குத் தெற்கே முன்வரிசை டாங்கியை நிறுத்தியதும், தொலைவுக்கு வளைத்து எறிவதற்கென்று செய்த நாலரை அங்குல ஹோவிட்சர்தான். அதை நேராகத் திருப்பி, மிக நெருக்கத்தில் சுட்டார்கள். நம் ஊரில் பீரங்கியின் எட்டும் தூரத்தைத் தீர்மானிப்பது குழல் அல்ல, மரம்தான். இதைச் சொன்னதற்கு நான் மன்னிப்புக் கேட்கவில்லை.

நீயும் அதை மறுக்கவில்லை. சாமி மாடத்திலிருந்து தாத்தாவின் பித்தளைக் குழலை, சுட்ட குண்டின் காலி உறையை, எடுத்து வந்தாய். சண்டை முடிந்த மறுவாரம் கித்தா மரத்தடியில் அவர் பொறுக்கியது. எனக்குத் தெரிந்த நாளிலிருந்து அதில் விபூதிதான் இருந்தது. விபூதியைப் பயபக்தியோடு ஒரு தட்டில் கொட்டிவிட்டு, அதன் வாயை விரலால் அளந்து, ஐம்பத்தேழுதான் என்றாய். இவ்வளவு குட்டையான குழலில் மருந்து கொஞ்சமாகத்தான் இருக்கும், அதனால்தான் அந்தக் குண்டுக்கு வேகம் இல்லை என்றாய். பிறகு அதை மேசையில் படுக்க வைத்து, 1942இல் அந்த டாங்கிகள் வந்தபோது சாலையோரக் கால்வாயில் படுத்திருந்து பிழைத்த தாத்தாவைப் பார்த்துப் பேச ஆரம்பித்தாய்.

டாங்கியின் பீரங்கிக்கு எட்டாத தூரம் இரண்டு உண்டு, ஒன்று தொலைவு, இன்னொன்று அருகாமை என்றாய். உன் பீரங்கி கிடைமட்டத்துக்குக் கீழே ஐந்தாறு பாகைதான் சாயும். ஆகவே டாங்கியைச் சுற்றி பதினைந்து, இருபது மீட்டர் வரை தரையில் கிடப்பவனை அதனால் தொட முடியாது. மேல்மூடியை அடைத்துக்கொண்டு சிறு கண்ணாடி வழியாகப் பார்ப்பவனுக்குப் பக்கத்துக் கால்வாய் தெரியவே தெரியாது. "தாத்தா, நீங்கள் படுத்திருந்த இடம் சாலையிலிருந்து நான்கு எட்டு வைக்கும் தூரம். எந்த டாங்கிக்கும் அது குருட்டு இடம். எழுந்து ஓடியிருந்தால் பத்து எட்டு வைப்பதற்குள் அவர்கள் பார்வைக்குள் போயிருப்பீர்கள். படுத்திருந்ததுதான் சரி."

மேசை முழுவதும் அமைதியானது. தாத்தா ஒன்றும் பேசவில்லை. அவருடைய கை மட்டும் அந்தப் பித்தளைக் குழலின் மேல் இருந்தது.

அப்போதுதான் நான் அதைச் சொன்னேன். முனியாண்டி காப்பாற்றினார் என்று அறுபத்தேழு ஆண்டுகளாக நம்பிக்கொண்டிருக்கும் மனிதனிடம் பாகைக் கணக்குச் சொல்லி அவருடைய சாமியையும் பிடுங்கிவிட்டாய். அந்த டாங்கிக்குள் உட்கார்ந்திருந்தவனுக்கும் உனக்கும் இனி என்ன வித்தியாசம் என்று கேட்டேன். நீ விபூதியை ஒரு துளி சிந்தாமல் குழலுக்குள் திரும்பப் போட்டாய். மாடத்தில் வைத்தாய். அந்த இரவே உன் முகாம் இருந்த கெமாஸுக்குப் பேருந்து ஏறினாய். அடுத்த மூன்று தீபாவளிக்கு நீ வரவில்லை.

அதற்காக என் நெஞ்சில் இருப்பதையும் சொல்லிவிடுகிறேன். அந்த மூன்று ஆண்டுகளில்தான் அப்பாவின் கால் போனது. நீ மாதம் தவறாமல் பணம் அனுப்பினாய். நான் இரவுகளைக் கொடுத்தேன். மருத்துவமனைப் பெஞ்சில் படுத்துத் தூங்கியவன் நான். எல்லாம் முடிந்த பிறகு சீருடையோடு வந்து இறங்கிய உன்னைக் கட்டிக்கொண்டுதான் ஊரே அழுதது. உன் பயிற்சிக் காலத்தில் விடுப்புக் கிடைக்காது என்பது எனக்குப் புரியும். புரிவதனால் வலி குறைந்துவிடவில்லை.

ஆனால் இந்தக் கடிதம் அதற்காக அல்ல.

நீ பேருந்து ஏறிய இரவு, எல்லோரும் படுத்த பிறகு தாத்தா என்னைக் கூப்பிட்டார். அவருடைய அண்ணன் அந்தக் காலையில் இறந்தது நமக்குத் தெரியும். எப்படி என்று அவர் சொன்னதில்லை. அன்று சொன்னார். குண்டு வீச்சுக்குப் பயந்து இரவெல்லாம் மரங்களுக்குள் படுத்திருந்துவிட்டு, வெளிச்சம் வந்ததும் தண்ணீர் எடுக்க இருவரும் சாலைக்கு வந்திருக்கிறார்கள். சத்தம் கேட்டதும் இருவரும் கால்வாயில் குதித்திருக்கிறார்கள். அண்ணன் எழுந்து, "வாடா, ஓடிடலாம்" என்று கூப்பிட்டிருக்கிறார். இவர் எழுந்திருக்கவில்லை. அண்ணன் மட்டும் ஓடினார். "அவன் கூப்பிட்டான், நான் போகல. பயந்தாங்கொள்ளி மாதிரிப் படுத்துக் கெடந்தேன். முனியாண்டின்னு சொன்னதெல்லாம் அதை மறைக்கத்தான்" என்றார் தாத்தா. ஒன்பது வயதுப் பிள்ளை செய்ததை எழுபத்தேழு வயது வரை சுமந்திருக்கிறார். பிறகு சொன்னார்: "படுத்திருந்ததுதான் சரின்னு சின்னவன் சொன்னான் பாரு. பீரங்கி சுடுறவன் சொன்னா அது சரியாத்தான் இருக்கும். அவன்கிட்ட சொல்லு, இன்னைக்குத்தான் எனக்கு மூச்சு வந்துச்சுன்னு."

அவன்கிட்ட சொல்லு என்றார். நான் சொல்லவில்லை. முதல் வாரம் கோபத்தினால் சொல்லவில்லை. பிறகு, சொன்னால் அன்று மேசையில் நான் பேசியது எவ்வளவு அற்பமானது என்று எனக்கே உறுதியாகிவிடும் என்பதனால் சொல்லவில்லை. 2011இல் அவர் போன பிறகு, இத்தனை நாள் ஏன் சொல்லவில்லை என்று நீ கேட்பாயே என்ற அச்சத்தினால் சொல்லவில்லை. பதில் வந்ததா என்று அவர் இரண்டு முறை என்னைக் கேட்டார். வேலையாக இருக்கிறான் என்றேன். உன்மேல் பழி போட்டுத்தான் அதையும் கடந்தேன்.

மன்னித்துவிடு.

அந்தப் பித்தளைக் குழல் வீட்டுக்கு மூத்தவனிடம் இருக்க வேண்டும் என்று சொல்லித்தான் இத்தனை காலம் வைத்திருந்தேன். அது உன்னிடம்தான் இருக்க வேண்டும். நேற்றுப் புளி போட்டுத் துலக்கினேன். விபூதியைப் புதுத் துணியில் முடிந்து வைத்திருக்கிறேன். பொங்கலுக்கு வா. 1942இல் அந்த ஜப்பானியப் படை நம் சாலையைக் கடந்து கெமாஸுக்குப் பக்கத்தில் கெமெஞ்சே பாலத்துக்குப் போய்ச் சேர ஒரு வாரம் ஆனது. ஜனவரி 14 அன்று ஆஸ்திரேலியர்கள் அங்கே பதுங்கியிருந்து தாக்கினார்கள் என்று என்னை அழைத்துப் போய்க் காட்டியவன் நீதான். உனக்கும் ஒரு வாரம் இருக்கிறது.

வந்தால், பழைய வளைவுச் சாலைக்குப் போவோம். கால்வாய் இன்னும் தூர்ந்துபோகவில்லை. சாலையிலிருந்து நான் எட்டு வைத்துப் பார்த்தேன். நீ சொன்னதுபோல நான்குதான். உன் வலது காதுப் பக்கம் நான் உட்கார்ந்துகொள்கிறேன்.

அண்ணன்