சிறுத்தையைப் பிடித்து வேறு காட்டில் விட்டால் பிரச்சினை தீராது

ஆசிரியருக்கு வணக்கம்.

வால்பாறை, பந்தலூர் பக்கம் சிறுத்தை நடமாட்டம் என்று உங்கள் நாளிதழில் வரும் செய்திகளை விடாமல் படிக்கிறேன். பெரும்பாலும் எல்லாமே ஒரே வரியில்தான் முடிகின்றன: ‘கூண்டு வைத்துப் பிடித்து அடர்ந்த வனப்பகுதியில் விட வேண்டும் என்று பொதுமக்கள் கோரிக்கை விடுத்துள்ளனர்.’ பிள்ளையைப் பறிகொடுத்த குடும்பம் அப்படிக் கேட்பதில் நியாயம் இருக்கிறது, அவர்களிடம் போய் யாரும் வாதாட முடியாது. ஆனால் யாருக்கும் எதுவும் ஆகாத இடத்தில், தேயிலைத் தோட்டத்துச் சாலையைச் சிறுத்தை கடந்துபோன வீடியோ ஒன்று வந்ததற்கே கூண்டு கேட்கிறார்களே, அதைப் பற்றித்தான் எழுதுகிறேன்.

நான் மும்பை முலுண்டில் குடியிருப்பவன். எங்கள் மேற்குப் பக்கம் தெரியும் மலைதான் சஞ்சய் காந்தி தேசியப் பூங்கா. சுமார் 100 சதுர கிலோமீட்டர் காடு. ஒரு பக்கம் போரிவலி, ஒரு பக்கம் நாங்கள், வடகிழக்கே தானே. 2018இல் கேமரா வைத்துக் கணக்கெடுத்தபோது 47 சிறுத்தைகள் பதிவாயின. அவை மானும் தின்னும், பன்றியும் தின்னும், குப்பைமேட்டைச் சுற்றி அலையும் தெருநாயும் தின்னும். சிறுத்தை என்றால் நடுக்காட்டில்தான் இருக்கும் என்று நாம் நினைக்கிறோம். மகாராஷ்டிராவில் கரும்புக்காட்டுக்குள்ளேயே குட்டி போட்டு வளர்க்கிறது. அதற்கு மறைவும் இரையும் இருந்தால் போதும்.

புனே மாவட்டம் ஜுன்னர் பகுதியில் 2001 தொடங்கி இரண்டு மூன்று வருடம் கண்ணில் பட்ட சிறுத்தையை எல்லாம் கூண்டில் பிடித்துத் தொலைவில் உள்ள காடுகளில் கொண்டுபோய் விட்டார்கள். வனவிலங்கு ஆய்வாளர் வித்யா ஆத்ரேயாவும் அவருடன் வேலை செய்தவர்களும் அந்தக் கணக்கை எடுத்துப் பார்த்தபோது, வருடத்துக்குச் சராசரி 4 ஆக இருந்த மனிதர் மீதான தாக்குதல் 17 ஆக ஏறியிருந்தது. விட்ட இடங்களுக்குப் பக்கத்திலும் தாக்குதல் தொடங்கியது. வெளியே பிடித்தவற்றில் சிலவற்றை எங்கள் பூங்காவிலும் விட்டார்கள். 2002 முதல் 2004 வரை இங்கே சிறுத்தைத் தாக்குதல் எப்படி இருந்தது என்று பழைய ஆட்களைக் கேட்டால் சொல்வார்கள், அதிலும் 2004 ஜூன் மாதம் மிகக் கொடுமையானது.

காரணம் ஒன்றும் ரகசியமில்லை. ஒவ்வொரு சிறுத்தைக்கும் தனக்கென்று ஒரு வட்டாரம் உண்டு. எந்த ஓடையில் தண்ணீர் கிடைக்கும், எந்த நேரத்தில் எந்த வழியில் ஆள் நடமாட்டம் இருக்காது என்று அதற்கு அத்துப்படி. அதைப் பிடித்து, கூண்டில் அடித்துக்கொண்டு பல்லும் நகமும் உடைந்த நிலையில், தெரியாத இடத்தில் இறக்கிவிட்டால் அது அங்கே நிற்காது, கிளம்பி நடக்கும். அது காலி செய்த வட்டாரத்துக்கு இன்னொரு சிறுத்தை வந்து சேரும்.

அஜோபா என்ற ஆண் சிறுத்தையின் கதை இங்கே பலருக்கும் தெரியும். 2009இல் கிணற்றிலிருந்து மீட்டு, ரேடியோ காலர் மாட்டி, மால்ஷேஜ் கணவாயில் விட்டார்கள். ஒரு மாதத்துக்குள் சுமார் 120 கிலோமீட்டர் நடந்து, ஆக்ரா நெடுஞ்சாலையைத் தாண்டி, கசாரா ரயில் நிலையத்தைத் தாண்டி, தண்ணீரை நீந்திக் கடந்து எங்கள் பூங்காவுக்கு வந்து சேர்ந்தது! வழியில் யாரையும் தொடவில்லை. 2011 கடைசியில் அகமதாபாத் நெடுஞ்சாலையில் வண்டி மோதிச் செத்துப்போனது.

சரி, சிறுத்தையை விரட்டாமல் அதன் பக்கத்திலேயே வாழலாம் என்பதை அதிகாரிகளும் ஆய்வாளர்களும் கண்டுபிடிக்கும் முன்பு இங்கே யாருக்குமே தெரியாதா என்றால், தெரியும். இந்த மலையிலும் பூங்காவை ஒட்டிய ஆரே பகுதியிலும் தானே, பால்கர் மாவட்டங்களிலும் வார்லி பழங்குடி மக்கள் வாகோபா என்று பெரும்பூனையைக் கும்பிடுகிறார்கள். புலி, சிறுத்தை இரண்டும் அதில் அடக்கம். கல்லிலோ மரப்பலகையிலோ விலங்கின் உருவம், கூடவே சூரியன், சந்திரன், மேலே செந்தூரம் பூசியிருக்கும். 2021இல் வெளியான ஓர் ஆய்வு இப்படி 150 இடங்களைப் பதிவு செய்திருக்கிறது. அவர்கள் சொல்லும் கதை இது: கல்யாணமாகாத ஒரு பெண்ணுக்குப் பிறந்த பிள்ளை புலியாக மாறி ஊர் மாடுகளைத் தின்கிறது. ஊரார் கொல்ல வருகிறார்கள். தாய் நடுவில் நின்று பேசி முடிக்கிறாள். பிள்ளை காட்டில் இருக்க வேண்டும், ஊரார் அவனுக்குக் கோயில் கட்டி வருடம் ஒருமுறை படையல் போட வேண்டும், அவன் ஊரைக் காக்க வேண்டும். தீபாவளியை ஒட்டி வரும் வாக்பாரஸ் அன்று இன்றைக்கும் கோழியோ ஆடோ பலி கொடுக்கிறார்கள்.

இதைச் சொன்னவுடன், கும்பிட்டால் சிறுத்தை கடிக்காதா என்று கேட்பார்கள். கடிக்கும். 2022 தீபாவளியன்று ஆரேயில் ஒரு கைக்குழந்தையைச் சிறுத்தை கொன்றது. வார்லி மக்களும் பயப்படுகிறார்கள், ஆடு போனால் அழுகிறார்கள். ஆனால் அதை அடுத்த ஊர்க்காரன் தலையில் கட்டிவிடுவோம் என்று அவர்கள் கிளம்புவதில்லை. நம் பக்கம், சத்தியமங்கலத்தை ஒட்டிய பிலிகிரிரங்கன் மலையில், சோளகர்கள் ஹுலிவீரப்பா என்று புலியைக் கும்பிடுகிறார்கள். அவர்களிடம் உங்கள் நிருபர்கள் பேச வேண்டும் என்பது என் ஆசை.

மத்திய சுற்றுச்சூழல் அமைச்சகம் 2011 ஏப்ரலில் வெளியிட்ட வழிகாட்டுதலே இடமாற்றம் வேண்டாம் என்கிறது. மனிதரைத் தொடர்ந்து தாக்கும் சிறுத்தையைப் பிடித்து அடைக்கத்தான் வேண்டும், அதில் எனக்கு மாற்றுக் கருத்தில்லை. மற்றபடி செய்ய வேண்டியது வேறு. வனத்துறை அதே வருடம் இங்கே ‘மும்பைகர்ஸ் ஃபார் எஸ்ஜிஎன்பி’ (சஞ்சய் காந்தி தேசியப் பூங்காவுக்காக மும்பைக்காரர்கள்) என்ற முயற்சியைத் தொடங்கி, குப்பையை அள்ளுவது, இருட்டில் பிள்ளைகளைத் தனியே அனுப்பாமல் இருப்பது, சிறுத்தையைப் பார்த்தால் கூட்டம் கூடி விரட்டாமல் இருப்பது என்று குடியிருப்பு குடியிருப்பாகப் பேசியது. முழுதாகத் தீர்ந்துவிட்டது என்று சொல்ல மாட்டேன், இன்னும் மலைக்குள் இருக்கும் பாடாக்களில், அதாவது பழங்குடிக் குடியிருப்புகளில், விளக்கும் கழிப்பறையும் சரியாக இல்லை.

வால்பாறையிலும் பார்க்க வேண்டியது இதைத்தான். ஜார்க்கண்டிலிருந்தும் அசாமிலிருந்தும் வந்து லைன் வீடுகளில் தங்கியிருக்கும் குடும்பங்களுக்கு அந்தி நேரத்து ஆபத்தை அவர்கள் மொழியில் யாராவது சொன்னார்களா? வீட்டைச் சுற்றிய புதரை வெட்டினார்களா, விளக்கு எரிகிறதா, கழிப்பறை எத்தனை தப்படியில் இருக்கிறது? அடுத்த முறை கூண்டு பற்றிய செய்தியோடு இவற்றையும் தோட்ட நிர்வாகத்திடம் கேட்டு எழுதுங்கள்.

— வாசகர், முலுண்ட், மும்பை